ஆரணி நீ சிவஞானம்

ஓகஸ்ட் 18, திங்கள்

விடியத் தொடங்கிய மழை இன்னும் விடவில்லை. மட்டையின் பிடிக்குப் புது நாடா சுற்ற வேண்டும். பழையது நேற்று ஈரத்தில் வழுக்கி மானத்தை வாங்கப் பார்த்தது.

நேற்று அரையிறுதி. வென்றோம்! மஞ்சள் சட்டைக்காரரை, இரண்டு புள்ளியால். அவர்களுடைய பயிற்சியாளர் கை கொடுக்காமலே காரில் ஏறிப் போனார். போகட்டும். வரும் ஞாயிறு இறுதியாட்டம், ஒட்டாவாவில் இருந்து வரும் அணியுடன். நான் விளையாடத் தொடங்கி நான்கு வருடம், இதுதான் முதல் இறுதியாட்டம்.

காயங்கள்:
இடது முழங்கை, வீக்கம்.
வலது கை நடுவிரல் மொளி, கடும் நீலம்.
தொடையில் ஒரு வட்டம், இட்லி அளவு.
வாய், சேதமில்லை. நடுவரிடம் இரண்டு தரம் பேச்சு வாங்கியது.

கிளினிக்கில் ஒன்பது பேருக்குப் பல் துப்புரவு. மூன்றாவதாக வந்த அன்ரி வாயைத் திறக்க முதல் என் கையைப் பார்த்தார்.

"என்ன பிள்ளை கையில? ஆராவது அடிச்சவங்களே?"

"ஓம் அன்ரி. ஞாயிற்றுக்கிழமையில அடிக்கிறவங்கள். நானும் திருப்பி அடிக்கிறனான்."

"ஐயோ கடவுளே, கலியாணம் கட்ட முதலேயோ?"

விளங்கப்படுத்தினேன். அயர்லாந்துக்காரரின் விளையாட்டு. பெயர் ஹேர்லிங், பெண்கள் ஆடினால் கமோகி. வளைந்த மட்டை, சின்னப் பந்து. கம்பத்துக்கு மேலால் போனால் வெள்ளைக்கொடி, ஒரு புள்ளி. வலைக்குள் போனால் பச்சைக்கொடி, மூன்று.

"அப்ப கிரிக்கெட் மாதிரி." இல்லை அன்ரி. "அப்ப ஹொக்கி." இல்லை அன்ரி. வாயைத் திறவுங்கோ.

பின்னேரம் அப்பா, செய்தியில் இருந்து கண்ணை எடுக்காமல்: "தும்புத்தடி விளையாட்டு என்ன மாதிரி?"

"வெண்டிட்டம்."

"நல்லது. வீடு கூட்டவும் உதவும்."

நான்கு வருடமாக இதே பகிடி. ஒரு நாள்கூட வந்து பார்த்ததில்லை. வரவும் வேண்டாம்.

ஓகஸ்ட் 19, செவ்வாய்

வெயில். மேசையில் புட்டு, சாப்பிட நேரமில்லை. பத்து மணிக்குக் கீவாவின் செய்தி: "உடனே கூப்பிடு."

கீவா எங்கள் கப்டன். அவளைப் பற்றி இந்தக் கொப்பியில் ஒழுங்காக எழுதியதே இல்லை. இன்று எழுதுகிறேன், இல்லாவிட்டால் ஆத்திரத்தில் மேசையைத்தான் உடைப்பேன்.

வயது இருபத்து நான்கு. அயர்லாந்தில் ஆறு வயதில் கையில் மட்டை. பதினான்கில் மாவட்டத்தின் சிறுமியர் அணி. பதினெட்டில் அதற்குக் கப்டன். பத்தொன்பதில் பெரிய அணிக்கு எடுத்தார்கள். இரண்டு வருடம் ஆடவிடாமல் வாங்கில் இருத்தினார்கள். பிறகு ஒருநாள் பயிற்சிக்குப் போகச் சப்பாத்துக் கட்டிக்கொண்டிருக்கையில் ஒரு குறுஞ்செய்தி: இதுவரை செய்ததற்கு நன்றி, இனி வரத் தேவையில்லை. ஒரு சப்பாத்துக் கட்டியபடி, மற்றது கட்டாதபடி இருந்தாளாம். பிறகு ரொறன்ரோ. கொண்டோ கட்டும் இடத்தில் வேலை. ஒக்டோபரில் விசா முடிகிறது. திரும்பிப் போய் அதே அணியின் தெரிவுக்கு மறுபடி நிற்கப் போகிறாள்.

"டெக்ஸ்ட்டில் தூக்கினார்கள். இந்த முறை என் முகத்தைப் பார்த்துச் சொல்லட்டும்."

அவளுடைய பெயரை ஐரிஷ் முறையில் எழுதினால் ஏழு எழுத்து, சொன்னால் இரண்டு சத்தம். கோப்பிக் கடைக்காரர் அவளுடைய கோப்பையில் எழுதாத பெயரில்லை. அதனால்தான் எங்கள் இருவருக்கும் முதல் நாளே ஒத்துப்போனது.

சரி, விஷயம். மஞ்சள் சட்டைக்காரர் எதிர்ப்பு மனுக் கொடுத்திருக்கிறார்கள். 11ஆம் இலக்கச் சட்டை, அதாவது நான், பதிவில்லாத ஆளாம். பதிவில் முதல் பெயர் சிவஞானம். நடுவரிடம் கொடுத்த பட்டியலில் முதல் பெயர் ஆரணி. சாட்சிக்கு வீடியோ வேறு. ஆட்டம் முழுக்க எங்கள் ஆட்கள் "சிவா, சிவா" என்று கத்துகிறார்கள். ஆகவே சிவா ஒருத்தி, ஆரணி ஒருத்தி. ஒருத்தியின் பெயரில் மற்றவள் ஆடிவிட்டாள். நிரூபித்தால் அரையிறுதி வெற்றி அவர்களுக்குப் போகும்.

என் பெயரை வைத்து நான் களவு செய்திருக்கிறேனாம். விசர்க் கூட்டம்.

பட்டியலைக் குழப்பியது கீவாவின் நல்ல மனம். இந்த விளையாட்டில் ஒரு வழக்கம்: நடுவரிடம் கொடுக்கும் பட்டியலில் பெயர்களை ஐரிஷ் மொழியில் எழுதுவார்கள். முந்தி எழுதியவர் என் பெயரை மட்டும் பதிவில் உள்ளபடி விட்டுவிடுவார். போன சனிக்கிழமை கீவா எழுதினாள். "இதில் உன் பெயர் எது, அப்பா பெயர் எது?" என்று கேட்டாள். சொன்னேன். அவர்கள் முறையில் பெண்ணின் பெயருக்கும் குடும்பப் பெயருக்கும் நடுவில் ஒரு சொல் வருமாம். இன்னாரின் மகள் என்று அர்த்தம். உச்சரிப்பு: நீ.

பட்டியலின் படத்தை இன்றுதான் அனுப்பினாள். ஆரணி நீ சிவஞானம்.

தமிழில் வாசித்துப் பார். ஆரணி, நீ சிவஞானம்! சிரிப்பு வந்தது. கொஞ்ச நேரத்தில் நின்றுவிட்டது.

பதினாறு வருடத்துக்கு முன், நான் பத்து வயதில் கனடா வர, படிவத்தை நிரப்பியவர் அப்பா. முதல் பெயர் என்ற பெட்டியில் தன் பெயரை எழுதினார். கடைசிப் பெயர் என்ற பெட்டியில் என்னுடையதை. ஊரில் தகப்பன் பெயர்தானே முன்னால் வரும். அன்றிலிருந்து பள்ளிக்கூடத்தில், வங்கியில், வைத்தியரிடம், எல்லா இடத்திலும் நான் சிவஞானம். வாயில் நுழையாதவர்களுக்குச் சிவா. இந்த நாட்டில் என் பெயரைச் சரியான வரிசையில் எழுதிய முதல் ஆள் கீவா. அதற்குத்தான் வழக்கு.

ஓகஸ்ட் 20, புதன்

பயிற்சி ஆறரைக்கு. 401 நெடுஞ்சாலையில் ஒரு லொறி புரண்டு ஏழுக்குத்தான் போய்ச் சேர்ந்தேன். புல் ஈரம். நுளம்பு.

விசாரணை சனிக்கிழமை பத்து மணிக்கு. என் அப்பாவின் பெயர் சிவஞானம், என் பெயர் ஆரணி என்று காட்டும் மூலப் பத்திரம் வேண்டுமாம். அதாவது ஊர்ப் பிறப்புச் சான்றிதழ். அது இருக்கும் இடம்: அப்பாவின் நீலக் கோப்பு. கோப்பு இருக்கும் இடம்: அப்பாவின் அலுமாரி.

பயிற்சியாளர் என்னை ஓரமாகக் கூப்பிட்டார். நல்ல மனிதர், இன்றைக்கு அவருடைய முகமே சரியில்லை. மஞ்சள் சட்டைக்காரர் சமரசம் பேசினார்களாம். ஞாயிறு நான் ஆடாமல் இருந்தால் மனுவைத் திரும்ப எடுப்பார்கள். அணி இறுதியாட்டம் ஆடலாம்.

நான் வாய் திறக்க முதல் கீவா ஹெல்மெட்டை நிலத்தில் எறிந்தாள்.

"அவள் ஆடாவிட்டால் நானும் இல்லை. இன்னொருத்தரை இப்படி வாங்கில் இருத்த நான் விடமாட்டேன்."

"கீவா, நீ பேசாமல் இரு," என்றேன். "எனக்காக நான் பேசுவேன்." பிறகு பயிற்சியாளரிடம் சொன்னேன், நான் ஆடுவேன், என் பெயரில் ஆடுவேன், சனிக்கிழமை பத்திரத்தோடு வருவேன் என்று.

பத்திரத்தோடு வருவேனாம். வாய்ச்சவடால். அலுமாரியைத் திறப்பது ஒட்டாவாவை வெல்வதைவிடக் கஷ்டம்.

ஓகஸ்ட் 21, வியாழன்

காலையில் நல்ல குளிர்காற்று. கிளினிக்கில் கையுறைக்குள் விரல் மடங்க மறுக்கிறது. ஒரு பிள்ளை என் விரலைக் கடித்தான், நல்லவேளை இடது கை.

வீட்டுக்கு வந்து, தேத்தண்ணி குடித்து, நேரே கேட்டேன்.

"அப்பா, என்ர பிறப்புச் சான்றிதழ் வேணும். ஒறிஜினல்."

"என்னத்துக்கு?"

எல்லாம் சொன்னேன். தொலைக்காட்சியை நிற்பாட்டினார். அது நல்ல சகுனம் இல்லை.

"அப்ப நான் படிவம் பிழையா நிரப்பினனான் எண்டு உவங்களிட்டப் போய்ச் சொல்லப் போறாய்."

"பிழையாத்தானே நிரப்பினியள்."

குசினியில் அம்மா குழாயை மூடிவிட்டுக் காது கொடுத்தார்.

அப்பா முந்தி ஊரில் அரசாங்கக் கச்சேரியில் கிளாக். இங்கே கார்த் தரிப்பிடத்தில் காவல் வேலை. ஆனால் சனிக்கிழமைகளில் மோர்னிங்சைட்டில் எங்கள் வீடுதான் கச்சேரி. பாஸ்போட், பென்ஷன், ஸ்பொன்சர், எந்தப் படிவம் என்றாலும் அவரிடம் கொண்டு வருவார்கள். அஜக்ஸில் இருந்தும் வருவார்கள், ரெக்ஸ்டேலில் இருந்தும் வருவார்கள். "சிவஞானத்தார் நிரப்பினால் திரும்பி வராது" என்று பெயர். அவரிடம் போய்ப் பிழை என்று சொன்ன முதல் ஆள் நான்தான்.

"முதல் பெயர் எண்டால் என்ன? முதல்ல எழுதுற பெயர். நாங்கள் முதல்ல எழுதுறது தகப்பன்ர பெயர். இதில எங்க பிழை? பெட்டி பிழை. உவங்கட பெட்டி பிழை!"

"பதினாறு வருசமா நான் உங்கட பேரில திரியிறன். எனக்கு வாற கடிதத்தில மிஸ்டர் எண்டு போட்டு வருது. அதை நீங்கள் உடைச்சு வாசிக்கிறியள்."

"ஏன், என்ர பேர் உனக்கு வெக்கமோ?"

"வெக்கமில்லை. அது என்ரை இல்லை."

அப்படிச் சொல்லியிருக்கக் கூடாது. சொல்லிவிட்டேன். திரும்ப எடுக்கவும் மாட்டேன்.

"தும்புத்தடி விளையாட்டுக்கெல்லாம் ஒறிஜினல் தரேலாது," என்றார். அறைக்குள் போய்க் கதவைச் சாத்தினார்.

ஓகஸ்ட் 22, வெள்ளி

மேகமூட்டம். வாங்க வேண்டியது: நாடா, வாழைப்பழம், வலிக்குப் பூசும் களிம்பு.

அப்பா பேசவில்லை. நானும் பேசவில்லை. அம்மா எங்கள் இருவருக்கும் நடுவில் சொதியை வைத்துவிட்டுச் சொன்னார், "தகப்பனும் மகளும் ஒரே அச்சு. இடையில கிடந்து நான் சாகிறன்."

அப்பா வேலைக்குப் போனதும் அம்மா என் அறைக்கு வந்தார். கையில் அலுமாரித் திறப்பு.

"கெதியா எடு. நாளைக்குப் பின்னேரம் பழைய இடத்தில வைச்சிடலாம். மனுசனுக்குத் தெரியாது."

கை நீட்ட மனம் வந்தது, பொய் சொல்லவில்லை.

"வேண்டாம் அம்மா. களவெடுத்து என்ர பேரை நிரூபிக்க ஏலாது. அவர் தரவேணும்."

"அவர் தராட்டி?"

"பத்திரம் இல்லாமல் போய் நிக்கிறன். என்ன செய்யிறாங்கள் எண்டு பாப்பம்."

"விசரி," என்றார் அம்மா. தலையைத் தடவிவிட்டுப் போனார்.

பயம். எழுதி வைக்கிறேன், ஒருவரும் பார்க்கப் போவதில்லை. எனக்குப் பயம். நான் தோற்றால் பரவாயில்லை, முழு அணியையும் இழுத்துக்கொண்டு விழுவேன். கீவாவுக்கு இங்கே இருக்கும் ஒரே இறுதியாட்டம் இது. சமரசத்துக்கு ஓம் என்று சொல்லியிருக்கலாமோ?

இல்லை. சொல்லியிருக்க முடியாது.

ஓகஸ்ட் 23, சனி

முழுவதையும் எழுத வேண்டும்.

எற்றோபிக்கோ பகுதியில் ஒரு தேவாலய மண்டபத்தின் பின்னறை. மேசைக்குப் பின்னால் மூன்று பேர். நடுவில் தலைவர், வெள்ளைத் தலை, கண்ணாடி மூக்கு நுனியில். ஒரு பக்கம் மஞ்சள் சட்டைப் பயிற்சியாளர். மறுபக்கம் எங்கள் பயிற்சியாளர், கீவா, நான். என்னுடைய சாரதிப் பத்திரத்தையும் சுகாதார அட்டையையும் வைத்தேன்.

"இரண்டும் சிவஞானம் என்றுதான் சொல்கின்றன," என்றார் தலைவர். "ஆரணி யார்?"

"நான்தான்."

"அப்படிச் சொல்லும் தாள் ஒன்று?"

"இல்லை."

மஞ்சள் பயிற்சியாளர் பேனையை மூடினார். வென்றுவிட்டாராம். கீவா எழும்பி, "தாள் எதற்கு? ஆள்தான் முன்னால் நிற்கிறாளே," என்றாள். இருக்கச் சொன்னார்கள்.

அப்போதுதான் கதவு திறந்தது. அப்பா. கலியாண வீடுகளுக்குப் போடும் கோட். கையில் நீலக் கோப்பு. அவருக்குப் பின்னால் எட்டிப் பார்த்தபடி முன்பின் தெரியாத ஒரு கணவனும் மனைவியும். அஜக்ஸில் இருந்து படிவம் நிரப்ப வந்தவர்களாம். அவர்களை எழுப்பி, அவர்களுடைய வாகனத்திலேயே ஏறி வந்திருக்கிறார்.

அதே நேரம் தலைவர் பட்டியலைத் தூக்கிப் பிடித்து, எழுத்துக்கூட்டிச் சத்தமாக வாசித்தார்:

"ஆரணி... நீ... சிவஞானம்?"

அப்பா நிமிர்ந்து நின்றார். "ஓம். நான்தான் சிவஞானம்," என்றார், நல்ல தமிழில். பிறகு என் பக்கம் குனிந்து, "முதல் முதல் காணேக்கையே நீ எண்டு கதைக்கிறான், மரியாதை தெரியாதவன். உவனுக்கு ஆர் தமிழ் படிப்பிச்சது?"

எனக்குச் சிரிப்பை அடக்கக் கண்ணீர் வந்துவிட்டது. "அப்பா, அது தமிழ் இல்லை. ஐரிஷ். நீ எண்டால் மகள். ஆரணி, சிவஞானத்தின்ர மகள்."

அப்பா மேசைக்குப் போய்ப் பட்டியலைக் கையில் எடுத்தார். கண்ணாடி மாற்றினார். படிவம் பார்ப்பது போல மேலிருந்து கீழே பார்த்தார்.

"வரிசை சரி," என்றார். "ஆர் எழுதினது?"

கீவா கையைத் தூக்கினாள். அவளைப் பார்த்துத் தலையாட்டினார். அப்படி அவர் தலையாட்டி நான் கண்டதில்லை.

பிறகு கோப்பைத் திறந்து, பிறப்புச் சான்றிதழ், முத்திரை குத்திய மொழிபெயர்ப்பு, இரண்டையும் விளிம்பு நேராக வைத்தார். ஆங்கிலத்தில் பேசினார். கச்சேரி ஆங்கிலம், ஒவ்வொரு சொல்லாக.

"ஐயா, எங்கள் ஊரில் தகப்பன் பெயர் முன்னால் வரும். பிள்ளை பெயர் பின்னால். உங்கள் பெட்டிகளுக்கு இது தெரியாது. என் வேலையிடத்தில் என்னை எப்படிக் கூப்பிடுகிறார்கள் தெரியுமா? முருகேசு. அது என் அப்பாவின் பெயர். அவர் இறந்து முப்பது வருடம். முருகேசு என்று சொல்லவும் அவர்களுக்கு வாய் வராது. மர்ஃபி என்கிறார்கள். நான் வந்த நாளில் இருந்து மர்ஃபி."

அறை முழுக்கச் சிரிப்பு. மேசையில் இருந்த மூவரில் ஒருவரின் பெயர் மர்ஃபிதானாம். அவர் எழும்பி வந்து அப்பாவுக்குக் கை கொடுத்தார்.

நான் சிரிக்கவில்லை. எனக்கு இது தெரியாது. ஒரே வீட்டில் இவ்வளவு காலம் இருந்தும் தெரியாது. தினமும் வேலைக்குப் போய், செத்துப்போன தன் அப்பாவின் பெயருக்கு, அதுவும் உடைந்த பெயருக்கு, "யெஸ் சேர்" சொல்லிவிட்டு வந்து எங்களோடு சோறு சாப்பிட்டிருக்கிறார்.

பத்து நிமிடத்தில் முடிவு. மனு தள்ளுபடி. நான் ஆடலாம்.

"நாளைய பட்டியலில் எந்தப் பெயர் எழுத?" என்று தலைவர் கேட்டார்.

"போன கிழமை எழுதியதுதான். ஒரு எழுத்தும் மாறாமல்."

மஞ்சள் பயிற்சியாளர் இன்றைக்கும் கை கொடுக்கவில்லை. கீவா அவருக்குப் பின்னால் போய் நாக்கை நீட்டினாள். இருபத்து நான்கு வயது!

திரும்பும்போது அப்பா என் காரில். கென்னடி வீதிவரை வழிப் பலகைகளை வாசித்துக்கொண்டு வந்தார். பிறகு:

"நான் பிழை எண்டு சொல்லேல்லை. கவனிச்சனிதானே?"

"ஓம் அப்பா. பெட்டிதான் பிழை."

"ம்." மடியில் இருந்த கோப்பின் விளிம்பைச் சரிசெய்துவிட்டு, "நாளைக்கு அங்க வாகனம் விட இடம் கிடக்கோ?"

ஓகஸ்ட் 24, ஞாயிறு

கடும் வெயில். மேற்கில் இருந்து காற்று.

முதலிலேயே எழுதிவிடுகிறேன்: தோற்றோம். மேலதிக நேரத்தில், ஒரே ஒரு புள்ளியால். கீவா மைதானத்தின் நடுவில் குந்தியிருந்து அழுதாள். பிறகு மூக்கைத் துடைத்துவிட்டு, "ஊருக்குப் போய் இதைச் சொல்லித்தான் அவர்களுடைய கதவைத் தட்டுவேன்," என்றாள். தட்டுவாள். எனக்குச் சந்தேகமே இல்லை.

புதுக் காயங்கள்: வலது முழங்கால், தோல் போய்விட்டது. மொளி இப்போது பச்சை.

அம்மா கொண்டுவந்தவை: மடக்குக் கதிரை, தேத்தண்ணிப் போத்தல், கடலை வடை. ஐரிஷ்காரர் வடையை முடித்துவிட்டார்கள். அப்பா கதிரையில் இருக்கவில்லை. அதே கோட், அந்த வெயிலில்.

அவருக்கு முதல் பாதி பெரும்பாடு. யாராவது "சிவா!" என்று கத்தினால் திடுக்கிட்டுத் திரும்புகிறார். "சிவா, ஓடு!" அவர் ஓரடி முன்னால் வைக்கிறார். நான் ஒரு பந்தை விட்டபோது பின்னால் நின்ற ஒருத்தன், "சிவா, நித்திரையா?" என்றானாம். "நோ, நோ, நான் முழிப்பாத்தான் நிக்கிறன்," என்று அப்பா அவனுக்குப் பதில் சொல்லியிருக்கிறார். அம்மா சொல்லிச் சொல்லிச் சிரிக்கிறார்.

மேலதிக நேரத்துக்கு முன், ஆட்டத்தின் கடைசி நிமிடம். ஒரு புள்ளி பின்னால் நிற்கிறோம், ஒரு வெள்ளைக்கொடி கிடைத்தால் சமன். எங்களுக்கு ஒரு தனியடி, நாற்பது மீற்றர், காற்று எதிர்ப்பக்கம். தனியடி எப்போதும் கீவாவுடையது. அவள் பந்தைக் கொண்டுவந்து என் கையில் வைத்தாள்.

"அவர்கள் உன்னை வெளியே இருத்தப் பார்த்தார்கள். இதை நீதான் அடிக்க வேண்டும்."

பந்தைப் புல்லில் வைத்தேன். பின்னால் முழு அணியும், ஓரத்தில் நிற்கிற அத்தனை பேரும், "சிவா! சிவா! சிவா!" அப்பாவின் பெயர், முப்பது நாற்பது தொண்டையில்.

அதற்குள் ஒரே ஒரு குரல், அப்பாவின் குரல், எல்லோருக்கும் மேலால்:

"ஆரணி! அடி பிள்ளை!"

அடித்தேன். வெள்ளைக்கொடி.